ஒரு சாண் இரும்புக் குழாய்

வரலாற்றுத் தொடர் – 11

பிச்சாட்டூர் அணையைத் திறந்துவிட்டார்கள் என்று சேதி வந்தால் ஊத்துக்கோட்டைக்காரர்களுக்கு முதலில் ஞாபகம் வருவது தரைப்பாலம்தான். ஆரணியாற்றின் மேல் உயர்மட்டப் பாலம் வரும் வரைக்கும் ஒவ்வொரு பெருமழைக்கும் இதே பாடு. மேலே மலைப் பக்கம் கொட்டித் தீர்க்கும். இங்கே ஊருக்குள் தூறல்கூட விழுந்திருக்காது. ராத்திரியோடு ராத்திரியாக ஆறு பாலத்தின் மேல் ஏறிவிடும். விடிந்து பார்த்தால் திருவள்ளூர் பஸ் இக்கரையிலேயே நிற்கும். பால் கேனோடு வந்தவர், பரீட்சைக்குக் கிளம்பிய பிள்ளை, எல்லோரும் கரையில் நின்று தண்ணீர் எப்போது வடியும் என்று பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

இந்த வட்டாரத்து ஆறுகளின் இந்தக் குணம் தெரியாத ஒருவர் 1780 ஆகஸ்ட் 25ஆம் தேதி, ஊத்துக்கோட்டைக்குத் தெற்கே ஓடும் கொசஸ்தலை ஆற்றின் வடகரையில் வந்து கூடாரம் அடித்தார். கிழக்கிந்தியக் கம்பெனிப் படையின் கர்னல் வில்லியம் பெய்லி. ஆந்திரத்துக் குண்டூரிலிருந்து சுமார் 2,800 பேரோடு நடந்து வந்து, முதல் நாள்தான் கும்மிடிப்பூண்டியைத் தாண்டியிருந்தார். வந்தவர்களில் ஐரோப்பியர் இருநூறு சொச்சம் பேர்தான், மற்றவர்கள் சிப்பாய்கள். ஆறு ஏறக்குறைய வறண்டு கிடந்தது. இறங்கி நடந்தால் அக்கரை. படை களைத்திருந்தது, காலையில் கடக்கலாம் என்று அன்றிரவு தங்கிவிட்டார்.

இரவே வெள்ளம் வந்துவிட்டது.

அடுத்த ஒரு வாரத்துக்கும் மேல் அந்தப் படை அந்தக் கரையிலேயே கிடந்தது. செப்டம்பர் தொடக்கத்தில்தான் ஆற்றைக் கடக்க முடிந்தது. அந்த இடைவெளியில் எதிரிக்குக் கிடைத்த அவகாசம், கம்பெனிப் படை இந்தியாவில் அதுவரை சந்தித்திராத பெருந்தோல்வியில் கொண்டுபோய் நிறுத்தியது. செப்டம்பர் 10ஆம் தேதி காஞ்சிபுரத்துக்கு அருகே புள்ளலூரில் நடந்த அந்தச் சண்டையை ஆங்கிலேயர்கள் ‘பொள்ளிலூர்’ என்று எழுதி வைத்தார்கள். ராக்கெட் என்ற ஆயுதத்தின் வரலாற்றை எந்த நாட்டுக்காரர் எழுதினாலும் இந்தத் திருவள்ளூர், காஞ்சிபுரம் வயல்வெளிகளைத் தொடாமல் போக முடியாது. இந்த இதழில் நாம் பார்க்கப்போவது அந்தப் பதினேழு நாள் கதையையும், அதில் பறந்த ஒரு சாண் நீள இரும்புக் குழாயையும்தான்.

மிகப் பழையதைக் குறிக்கத் தமிழில் ‘ஐதர் காலத்துப் பழசு’ என்று சொல்கிறோம். துருப்பிடித்த பூட்டு, ஓட்டை மின்விசிறி, தாத்தாவின் மிதிவண்டி எல்லாம் ஐதர் காலத்துச் சாமான்கள். சொல்கிறவர்களில் பலருக்கு அந்த ஐதர் யார் என்ற நினைவு இருப்பதில்லை. மைசூரை ஆண்ட ஐதர் அலியின் பெயர் தொண்டை மண்டலத்தின் பேச்சில் இப்படி ஒட்டிக்கொண்டதற்குக் காரணம், அவர் ஒருமுறை வந்து போனதன் தழும்பு அவ்வளவு ஆழம்.

1779இல் ஆங்கிலேயர்கள் பிரெஞ்சுக்காரர்களின் மாஹே துறைமுகத்தைப் பிடித்தார்கள். ஐதரின் படைக்கு வேண்டிய தளவாடங்கள் வந்து இறங்கும் வாசல் அது. தன் பாதுகாப்பில் உள்ள இடம், கை வைக்காதே என்று அவர் எச்சரித்தும் கம்பெனி கேட்கவில்லை. மறு ஆண்டு ஜூலையில் 80,000க்கும் மேற்பட்ட ஆட்களோடு செங்கம் கணவாய் வழியாக ஐதர் கீழே இறங்கினார். சென்னைப் பட்டணத்தின் கவுன்சிலில் அப்போதும் வாக்குவாதம்தான் ஓடிக்கொண்டிருந்தது. குதிரைப்படை பரங்கிமலைப் பக்கம் வரைக்கும் வந்து கிராமங்களைக் கொளுத்தியது. சனங்கள் மூட்டை முடிச்சோடு கோட்டையை நோக்கி ஓடிவந்த பிறகுதான் துரைமார்களுக்கு உறைத்தது.

தலைமைத் தளபதி ஹெக்டர் மன்ரோ. 1764இல் பக்சார் போரில் வென்றவர். சிதறிக் கிடக்கும் படைகளை ஓரிடத்தில் சேர்க்க வேண்டும். எங்கே சேர்ப்பது? சென்னையிலேயே என்று படை அதிகாரி மேக்லியோட் பிரபு வாதாடினார். மன்ரோ காஞ்சிபுரம் என்றார். கும்மிடிப்பூண்டியில் பெய்லி நின்றபோது சென்னை அங்கிருந்து 28 மைல். நேரே கிழக்குக் கரையோரமாக இறங்கியிருந்தால் இரண்டு நாளில் கோட்டைக்குள் இருந்திருப்பார். நேராகக் காஞ்சிக்குப் போ என்ற உத்தரவுதான் அவரைத் தென்மேற்கே திருப்பி, கொசஸ்தலை ஆற்றங்கரையில் கொண்டுவந்து நிறுத்தியது. ராக்கெட்டின் பெருமை பேசும் பல நூல்கள் இந்த உத்தரவையும் அந்த வெள்ளத்தையும் ஒரு வரியில் கடந்துவிடுகின்றன. பொள்ளிலூரின் பாதிக் காரணம் இங்கேதான் இருக்கிறது.

ஐதருக்கு ஆற்றங்கரைச் செய்தி உடனே போய்ச் சேர்ந்தது. ஆற்காட்டு முற்றுகையைத் தளர்த்தி அவர் காஞ்சிப் பக்கம் நகர்ந்தார். மகன் திப்புவைச் சுமார் 10,000 பேரோடும் பீரங்கிகளோடும் பெய்லியை மறிக்க அனுப்பினார். திப்புவுக்கு அப்போது முப்பது வயதுகூட நிறையவில்லை. அந்தப் படையின் ஒரு அங்கம் இந்தத் தொடரின் நாயகர்கள்: பாணக்காரர்கள்.

பாணம் என்றால் அம்பு. வாணம் என்பதும் அதே சொல்லின் திரிபுதான். திருவிழாவில் வாணம் விடுகிறோம், வாணவேடிக்கை பார்க்கிறோம். பதினெட்டாம் நூற்றாண்டில் இந்தியப் படைகள் பலவற்றிலும் இந்த வாணம் உண்டு. சமிக்ஞை காட்டவும், யானை குதிரைகளை மிரட்டவும் விட்டார்கள். ஐதரின் தகப்பனார் பத்தே முகமது ஆற்காட்டு நவாபிடம் வேலை பார்த்தவர். அவர் கையில் இருந்தது 50 பாணக்காரர்கள் கொண்ட ஒரு சிறு பிரிவு. மைசூர் ராக்கெட்டின் வேர் ஒன்று இப்படி ஆற்காட்டு மண்ணில் கிடக்கிறது.

ஐதரும் திப்புவும் செய்த மாற்றம் பார்க்கச் சின்னது. மூங்கில் கணுவோ, காகித அட்டையோ இருந்த இடத்தில் இரும்புக் குழாயை வைத்தார்கள்.

அந்தக் குழாய்களில் இரண்டு லண்டன் வூல்விச்சில் இருந்த பீரங்கிப்படை அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. அவற்றின் அளவுகள் பதிவாகியிருக்கின்றன. ஒன்று 25 சென்டிமீட்டர் நீளம், 6 சென்டிமீட்டருக்குச் சற்றுக் குறைவான விட்டம். நேரான ஒரு வாளின் அலகோடு தோல் வாரால் வரிந்து கட்டியது. அந்த வாள் மட்டும் ஒரு மீட்டர். இன்னொன்று அதைவிடச் சிறியது, 20 சென்டிமீட்டர். அதைக் கட்டியிருப்பது ஏறக்குறைய இரண்டு மீட்டர் நீள மூங்கிலில். கையை விரித்துக் கட்டை விரலிலிருந்து சுண்டு விரல் வரை அளந்தால் அந்தக் குழாய் முடிந்துவிடும். ஒரு முனை அடைத்திருக்கும். மறுமுனையில் நெருப்பு பீறிட்டு வெளியேற ஒரு சிறு துளை.

இரும்பு ஏன்? வெடியுப்பு, கந்தகம், கரி மூன்றையும் அரைத்துக் கலந்தால் வெடிமருந்து. அது எரியும்போது எழும் வாயு பின்பக்கத் துளை வழியே சீறும். அந்தச் சீற்றம்தான் குழாயை முன்னே தள்ளும். வாயுவின் அழுத்தம் கூடக்கூட வேகமும் தூரமும் கூடும். காகிதக் குழாயில் மருந்தைக் கெட்டித்து அடைத்தால் அது வெடித்துச் சிதறிவிடும். இரும்பு தாங்கும். தாங்குவதால் மருந்தை இறுக்கி அடிக்கலாம். மைசூர் வாணம் ஒரு கிலோமீட்டரை எளிதாகத் தாண்டியது, நல்ல வாணம் இன்னும் அதிகம் போனது என்பதற்கு இதுதான் ரகசியம். அந்தக் காலத்து ஐரோப்பாவில் இப்படி ஒன்று கிடையாது. மைசூர்ச் சீமையின் கொல்லர்களுக்கு இரும்பைத் தகடாக அடித்துச் சுருட்டிப் பொருத்தத் தெரிந்திருந்தது. ராக்கெட்டின் வரலாற்றில் அரசர்களின் பெயரும் தளபதிகளின் பெயரும் இருக்கின்றன. உலைக்களத்தில் நின்று அந்தக் குழாயைச் சுருட்டிய கொல்லனின் பெயர் ஒன்றுகூட நமக்கு வந்து சேரவில்லை என்பதுதான் மனசை அறுக்கிறது.

நீண்ட மூங்கில் எதற்கு என்பதைத் தீபாவளிக்கு ராக்கெட் விட்ட பிள்ளைகளைக் கேட்டாலே சொல்லிவிடுவார்கள். குச்சி முறிந்த ராக்கெட் தெருவில் விழுந்து யார் வீட்டுக்குள் புகும் என்று தெரியாது. குச்சி பின்னால் இழுத்துப் பிடிப்பதால்தான் மூக்கு நேரே நிற்கிறது. அதுவும் ஓரளவுக்குத்தான். மைசூர் வாணம் பல சமயம் தரையில் உரசி, பாம்புபோல நெளிந்து, எகிறி, திசை மாறிப் பாயும். குறி தப்பும். ஆனால் எங்கே பாயும் என்று தெரியாததே எதிரில் நிற்பவனுக்குப் பெரிய பயம். மாடு மிரளும், குதிரை கட்டறுக்கும், வரிசை கலையும். ஐதரிடம் இந்தப் பிரிவில் 1,200 பேர் இருந்தார்கள். திப்பு காலத்தில் அது 5,000 வரை போனது.

செப்டம்பர் 6ஆம் தேதி பேரம்பாக்கத்துக்கு அருகே திப்பு பெய்லியைத் தாக்கினார். மூன்று மணி நேரச் சண்டை. இரு பக்கமும் தாங்கிக்கொண்டது. பெய்லி மன்ரோவுக்குச் சீட்டு எழுதினார்: தனியாக வந்து சேர முடியாது, நீங்கள் வாருங்கள். திப்புவும் தகப்பனாருக்கு எழுதினார்: கூடுதல் படை வேண்டும். இரண்டு சீட்டும் ஏறக்குறைய ஒரே சமயத்தில் போய்ச் சேர்ந்தன. இரண்டு பேரும் நடந்துகொண்ட விதம்தான் வேறு.

மன்ரோ காஞ்சிக் கோயிலில் நெல்லையும் தளவாடங்களையும் வைத்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தார். பதினான்கு மைல் தூரத்தில் பீரங்கிச் சத்தம் கேட்டது. உணவுக் கையிருப்பைவிட்டு நகர்ந்தால் ஐதர் அதைப் பறித்துவிடுவார் என்ற கவலை அவருக்கு. ஆகவே கர்னல் ஃப்ளெட்சர் தலைமையில் சுமார் 1,000 பேரை மட்டும் இரவில் அனுப்பினார். ஃப்ளெட்சர் வழிகாட்டிகளைச் சந்தேகித்து, அவர்கள் காட்டிய பாதையை விட்டுவிட்டு வேறு சுற்றுப் பாதையில் போய், 9ஆம் தேதி காலை பெய்லியோடு சேர்ந்துவிட்டார். வழிகாட்டிகள் உண்மையில் ஐதரின் ஆட்கள். அந்தப் போர் முழுவதிலும் கம்பெனிப் பக்கம் எடுத்த ஒரே நல்ல முடிவு அது.

ஐதர் தன் பெரும்படையையே நகர்த்தினார்.

9ஆம் தேதி இரவு பெய்லி கிளம்பினார். சற்றுத் தூரம் போனதும் இருட்டில் பீரங்கியும் வாணமும் தொல்லை கொடுக்க ஆரம்பித்தன. தொடர்ந்து நடந்தால் விடிவதற்குள் மன்ரோவை நெருங்கிவிடலாம் என்று அதிகாரிகள் சிலர் மன்றாடினார்கள். பெய்லி நிற்கச் சொன்னார். கொசஸ்தலைக் கரையில் ஒருமுறை, இங்கே மறுபடியும் ஒருமுறை: இரண்டு இரவுகள் அவர் விடியலுக்குக் காத்திருந்தார். இரண்டு விடியலும் அவருடையதாக இல்லை.

10ஆம் தேதி காலையில் புள்ளலூருக்கு அருகே படை நான்கு பக்கமும் சூழப்பட்டிருந்தது. ஐதரிடம் இருந்த பிரெஞ்சுப் பிரிவுக்குத் தலைவர் லாலி. பீரங்கிகளை அவர்கள் நன்றாக நிறுத்தியிருந்தார்கள். கம்பெனிப் படை சதுர வியூகம் கட்டி நின்று குதிரைப்படையின் பாய்ச்சலைத் திரும்பத் திரும்ப விரட்டியது. அந்தச் சதுரத்தின் நடுவில்தான் வெடிமருந்து வண்டிகள். திடீரென்று அவை வெடித்தன. மருந்து போயிற்று, வரிசை உடைந்தது, பீரங்கிகள் கவிழ்ந்தன. அதன் பிறகு நடந்ததைச் சண்டை என்று சொல்ல முடியாது.

வண்டிகளை வெடிக்க வைத்தது வாணமா, பீரங்கிக் குண்டா? வாணம்தான் என்று எத்தனையோ நூல்களும் பாடப்புத்தகங்களும் உறுதியாகச் சொல்கின்றன. அந்தக் காலத்துக் குறிப்புகளை ஒட்டி எழுதியவர்களில் பீரங்கியைக் காரணம் காட்டியவர்களும் உண்டு. பல பீரங்கிகள் ஒரே இலக்கை நோக்கி முழங்கிக்கொண்டிருந்த இடத்தில், எந்த நெருப்பு எந்த வண்டியைத் தொட்டது என்று எண்ணிச் சொல்ல யாரும் அங்கே இல்லை. வாணத்தின் புகழுக்கு அந்த ஒரு வெடிப்பு அவசியமும் இல்லை. இரவு முழுக்க ஓய்வு கொடுக்காமல் படையைக் கலக்கியது, மாடுகளை மிரட்டிப் பாரவண்டிகளைக் குழப்பியது, இருட்டில் நகரவிடாமல் நிறுத்தியது ஆகிய இவை போதும்.

பெய்லி வெள்ளைத் துணி காட்டிய பிறகும் கொலை நிற்கவில்லை. லாலியும் பிரெஞ்சு அதிகாரிகளும் குறுக்கே விழுந்துதான் பலரைக் காப்பாற்றினார்கள். 86 ஐரோப்பிய அதிகாரிகளில் 36 பேர் மாண்டார்கள், ஃப்ளெட்சரும் அதில் ஒருவர். மற்றவர்கள் ஸ்ரீரங்கப்பட்டணத்துச் சிறைக்குப் போனார்கள். பெய்லி 1782 நவம்பரில் அங்கேயே இறந்தார். சிறைப்பட்டவர்களில் டேவிட் பேர்ட் என்ற இளம் கேப்டனும் இருந்தார். அவர் பெயர் பிறகு வரும். மன்ரோ செய்தி கேட்டதும் பெரிய பீரங்கிகளைக் காஞ்சிபுரத்துக் கோயில் குளத்தில் தள்ளிவிட்டு, செங்கல்பட்டு வழியாகச் சென்னைக்குத் திரும்பினார்.

அதிகாரிகளின் கணக்கு ஒற்றை இலக்கம் வரை இருக்கிறது. உடன் நின்று செத்த ஆயிரக்கணக்கான சிப்பாய்கள் தெலுங்குச் சீமையிலிருந்தும் தமிழ்ச் சீமையிலிருந்தும் வந்தவர்கள். அவர்களுக்குப் பெயர்ப் பட்டியல் கிடையாது. புள்ளலூரில் இன்றும் நிற்கும் இரண்டு நினைவுத் தூண்களும், மறு ஆண்டு 1781 ஆகஸ்ட் 27இல் இதே இடத்தில் நடந்த இரண்டாவது சண்டையில் இறந்த ஆங்கில அதிகாரிகளுக்கானவை.

போர் இத்தோடு முடியவில்லை. 1784 வரை இழுத்தது. பயிர் எரிந்தது, ஏரிகள் பாழாயின, மாடுகள் ஓட்டிச் செல்லப்பட்டன. அடுத்து வந்தது பஞ்சம். சென்னையில் 1782இல் பட்டினிக்காரர்களுக்குக் கஞ்சி ஊற்ற ஆரம்பித்த இடம் பிறகு மணியக்காரர் சத்திரம் ஆயிற்று; அதிலிருந்து வளர்ந்த மருத்துவமனைதான் இன்றைய ஸ்டான்லி. வடசென்னையில் வயதானவர்கள் அதை இன்னும் ‘கஞ்சித் தொட்டி ஆஸ்பத்திரி’ என்கிறார்கள். ஊத்துக்கோட்டையிலிருந்தும் கும்மிடிப்பூண்டியிலிருந்தும் ஆபத்துக்கு ஓடுகிறவர்கள் இன்றும் போய்ச் சேரும் ஆஸ்பத்திரிகளில் ஒன்று அது. திப்புவின் ராக்கெட்டை நாம் பெருமையோடு பேசலாம், பேசத்தான் வேண்டும். அது பறந்த வயல்களில் இருந்தவர்கள் நம் பாட்டன் பூட்டன்கள் என்பதையும் அந்தப் பெருமைக்குள் சேர்த்துப் பேச வேண்டும்.

திப்பு இந்த வெற்றியை மறக்கவில்லை. ஸ்ரீரங்கப்பட்டணத்தில் 1784இல் எழுந்த தரியா தௌலத் மாளிகையின் மேற்குச் சுவரில் பொள்ளிலூர் ஓவியம் பெரிதாக விரிகிறது. நடுவில் சதுர வியூகம், வெடிக்கும் மருந்து வண்டி, பல்லக்கில் கலங்கி உட்கார்ந்திருக்கும் பெய்லி. வாணத்துக்கும் ஒரு ஒழுங்கு வந்தது. ‘ஃபத்ஹுல் முஜாஹிதீன்’ என்ற படைக் கையேட்டின்படி ஒவ்வொரு பெரும் பிரிவிலும் 200 பாணக்காரர்கள் இருக்க வேண்டும். ஸ்ரீரங்கப்பட்டணம், பெங்களூர், சித்திரதுர்க்கம், பிதனூர் ஆகிய ஊர்களில் வாணம் செய்யும் பட்டறைகள் நடந்தன. வாணத்தைத் தனிப் படையாகவும், தனிப் பட்டறையாகவும், எழுத்தில் பயிற்சியாகவும் அமைத்தது அதுவரை உலகில் வேறு எங்கும் இந்த அளவில் நடந்திராதது. சீனம் 2015இல் ‘ராக்கெட் படை’ என்றே ஒரு தனிப் பிரிவு தொடங்கியதையும், இந்தியா 2003 ஜனவரியில் அணு ஆயுத ஏவுகணைகளுக்கென்று தனிக் கட்டளையகம் அமைத்ததையும் பார்க்கிறவர்களுக்கு இந்த ஏற்பாட்டின் பொருள் புரியும்.

1799 ஏப்ரல் 5ஆம் தேதி இரவு, ஸ்ரீரங்கப்பட்டணத்துக்கு வெளியே சுல்தான்பேட்டைத் தோப்பில் ஒரு ஆங்கிலக் கர்னல் வாணத்திலும் துப்பாக்கிச் சூட்டிலும் மாட்டித் திணறிப் பின்வாங்கினார். வயது 29. பெயர் ஆர்தர் வெல்லெஸ்லி. பிற்காலத்தில் வாட்டர்லூவில் நெப்போலியனை வென்ற வெலிங்டன் பிரபு. ஆனால் மே 2ஆம் தேதி கோட்டைக்குள் இருந்த வாணக் கிடங்கின் மேலேயே ஒரு குண்டு விழுந்து, அது வெடித்துக் கரும்புகை எழுந்தது. 1780இல் எது பெய்லியை முடித்ததோ அதே விதமான வெடிப்பு இப்போது திப்புவின் பக்கம். இரண்டு நாள் கழித்துக் கோட்டை விழுந்தது. திப்பு போரிட்டு மாண்டார். மதிலில் ஏறிய படைக்குத் தலைமை தாங்கியவர், 44 மாதம் அதே ஊர்ச் சிறையில் கிடந்த டேவிட் பேர்ட்.

கோட்டைக்குள் ஏவுசாதனங்கள் 600, உடனே பயன்படுத்தத் தயாரான வாணங்கள் 700, மருந்து அடைக்காத வெறுங்குழாய்கள் 9,000 அகப்பட்டன என்று கணக்கு. மைசூர் வாணங்களின் சேதி வூல்விச்சுக்குப் போனது. அங்கே ஆயுதச்சாலைத் தலைவரின் மகன் வில்லியம் காங்கிரீவ் 1804 வாக்கில் சோதனைகளைத் தொடங்கினார். இரும்புக் குழாயைப் பெரிதாக்கி, அளவுகளை ஒரே சீராக்கி, தொழிற்சாலையில் செய்து எடுத்தார். 1806இல் பூலோன், 1807இல் கோபன்ஹேகன், 1813இல் லைப்சிக், 1814இல் அமெரிக்காவின் பால்டிமோர் என்று அவை எரிந்த ஊர்களின் வரிசை நீள்கிறது. அமெரிக்க தேசிய கீதத்தில் ராக்கெட்டின் செந்நிற ஒளி வருகிறதே, அது பால்டிமோர் கோட்டையின் மேல் பறந்த காங்கிரீவ் ராக்கெட்டின் ஒளி. காங்கிரீவின் கதையைத் தனியாக ஒரு இதழில் பார்ப்போம்.

இங்கே நாம் மறுபடி ஊத்துக்கோட்டைக்கு வருவோம்.

ஊத்துக்கோட்டையிலிருந்து வடகிழக்கே பார்த்தால் நேர்க்கோட்டில் சுமார் 55 கிலோமீட்டரில் ஸ்ரீஹரிகோட்டா. கும்மிடிப்பூண்டிக்கு இன்னும் கிட்டம். பழவேற்காடு ஏரிக்கும் கடலுக்கும் நடுவே கிடக்கும் தீவு. ஏவுகிற நாளில் இந்தப் பக்கத்து ஊர்களில் ‘இன்னைக்கு ராக்கெட் விடறாங்க’ என்பது சாதாரணப் பேச்சு. பிள்ளைகள் மொட்டை மாடிக்கு ஓடுவார்கள். சிப்காட் தொழிற்சாலையில் ஷிப்டு மாறுகிற நேரமாக இருந்தால் வாசலில் ஒரு கும்பல் நிமிர்ந்து நிற்கும். வானம் தெளிவாக இருந்தால், முதலில் ஒரு வெளிச்சப் புள்ளி எழும்பும்; பின்னால் வெள்ளைக் கோடு விரியும். பெய்லி கூடாரம் அடித்த கரையிலிருந்தும் அது தெரியும். கொசஸ்தலை ஆற்றின் குறுக்கே 1944இல் பூண்டி நீர்த்தேக்கம் வந்துவிட்டதாலும், 1996 முதல் கிருஷ்ணா நீர் ஊத்துக்கோட்டை வழியாக அதில் வந்து விழுவதாலும், அந்த ஆறு இன்று சென்னைக்குக் குடிநீர் கொடுக்கும் ஆறு.

ஸ்ரீஹரிகோட்டாவில் போவது விண்வெளி ராக்கெட்தானே, ஆயுதம் இல்லையே என்று கேட்கலாம். உண்மைதான். ஆனால் இரண்டும் எங்கே கைகோத்தன என்பது இந்தத் தொடருக்கு முக்கியம். 1980 ஜூலை 18ஆம் தேதி காலை எஸ்.எல்.வி.-3 அங்கிருந்து கிளம்பி, ரோகிணி என்ற சிறு செயற்கைக்கோளைச் சுற்றுப்பாதையில் வைத்தது. முந்தைய ஆண்டு ஆகஸ்டில் இதே ராக்கெட் கடலில் விழுந்திருந்தது. 22 மீட்டர் உயரம், 17 டன் எடை. திட்ட இயக்குநர் ராமேசுவரத்துக்காரர், அப்துல் கலாம். 1982இல் அவர் ஹைதராபாத்தில் உள்ள பாதுகாப்பு ஆராய்ச்சி நிறுவனத்தின் ஏவுகணைக் கூடத்துக்குப் போனார். 1983இல் பிருத்வி, அக்னி, ஆகாஷ், திரிசூல், நாக் என்ற ஐந்து ஏவுகணைகளுக்கான திட்டம் தொடங்கியது. 1989 மே 22ஆம் தேதி ஒடிசாக் கடற்கரையிலிருந்து எழுந்த முதல் அக்னியின் அடி நிலை வேறு எதுவும் அல்ல, எஸ்.எல்.வி.-3இன் முதல் நிலை திட எரிபொருள் மோட்டார். அதன் மேல் பிருத்வியின் திரவ எரிபொருள் எஞ்சின். ஊத்துக்கோட்டை மாடிகளிலிருந்து பிள்ளைகள் பார்த்த அந்தத் தீ, உருமாறி ஏவுகணையின் அடிக்கட்டை ஆயிற்று. 2012 ஏப்ரலில் பறந்த அக்னி-5 செல்லும் தூரம் 5,000 கிலோமீட்டருக்கும் மேல். இரும்புக் குழாயின் ஒரு கிலோமீட்டரை இதோடு ஒப்பிட்டால் தலை சுற்றும். ஆனால் உள்ளே நடக்கும் காரியம் அதேதான். எரிபொருளைக் குழாய்க்குள் கெட்டித்து, அழுத்தத்தைத் தாங்கும் சுவரால் சூழ்ந்து, ஒரு துளை வழியாகச் சீற விடுவது.

கலாம் 1960களின் தொடக்கத்தில் பயிற்சிக்காக அமெரிக்காவின் நாசாவுக்குப் போனபோது, வர்ஜீனியாவில் உள்ள வாலப்ஸ் ஏவுதளத்தின் வரவேற்பறையில் ஒரு ஓவியத்தைப் பார்த்தார். ராக்கெட் பறக்கும் போர்க்களம். ராக்கெட் விடுபவர்கள் வெள்ளைக்காரர்கள் அல்ல, மைசூர் வீரர்கள். திப்புவின் சொந்த நாட்டில் மறந்துபோன ஒன்றைப் பூமியின் மறுபக்கத்தில் மாட்டி வைத்திருக்கிறார்களே என்று அவருக்குத் தோன்றியதைத் தன் ‘அக்னிச் சிறகுகள்’ நூலில் எழுதியிருக்கிறார்.

கலாமின் அடுத்த தலைமுறையில் நாகர்கோவிலைச் சேர்ந்த சிவதாணு பிள்ளை இந்திய-ரஷ்யக் கூட்டு முயற்சியான பிரமோஸ் நிறுவனத்தை நடத்தினார். ஒலியைவிட ஏறக்குறைய மூன்று மடங்கு வேகம் போகும் அந்த ஏவுகணை 2001 ஜூன் 12ஆம் தேதி முதலில் பறந்தது. அதைச் சுமக்கும் சுகோய் விமானங்களின் பிரிவு ஒன்று 2020 ஜனவரியிலிருந்து தஞ்சாவூர் விமானப்படைத் தளத்தில் இருக்கிறது. இன்னொரு பக்கம் பினாகா. ஒரே லாரியிலிருந்து 12 ராக்கெட்டுகள் 44 வினாடிகளில் கிளம்பிவிடும். கார்கிலில் 1999இல் மலை உச்சிகளின் மேல் அதைச் சோதித்துப் பார்த்தார்கள். குறி தப்பினாலும் பரவாயில்லை, ஒரே இடத்தில் பல விழுந்தால் எதிரி நிற்க முடியாது என்ற பாணக்காரர்களின் கணக்குத்தான் அதன் தொடக்கமும். 1941 ஜூலையில் ஓர்ஷா நகரில் ரஷ்யர்கள் கத்யூஷா ராக்கெட்டுகளை ஜெர்மானியர் மேல் ஏவியபோதும் இதே கணக்கு. இப்போதைய பினாகாவுக்குக் குறி பார்க்கும் கருவியும் சேர்ந்துவிட்டது.

கர்நாடகத்தின் சிவமொக்கா மாவட்டத்தில் நகரா என்று ஒரு சிற்றூர். பழைய பெயர் பிதனூர். திப்புவின் வாணப் பட்டறை இருந்த ஊர். 2018 ஜூலையில் அங்கே ஒரு பாழுங்கிணற்றைத் தூர் வாரினார்கள். சேற்றில் வெடிமருந்து வாடை அடித்தது. தொல்லியல் துறையினர் தொடர்ந்து தோண்டினார்கள். கீழே, ஒன்றின் மேல் ஒன்றாக, துருவேறிய இரும்புக் குழாய்கள் 1,000க்கும் மேல் கிடந்தன. ஒவ்வொன்றும் ஒரு சாண் நீளம். சிலவற்றுக்குள் மருந்து அப்படியே கெட்டித்து இருந்தது. அவற்றைச் சேறு கழுவித் துடைத்து சிவமொக்கா அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள்.

(தொடரும்)